பீப்பாய் செய்தவன் பெயர்

சென்ற மாதம் ஒருநாள் மாலை. பிராசீன பாடசாலையில் வகுப்பு முடித்து வீடு திரும்பித் திண்ணையில் அமர்ந்திருந்தேன். அயலூர்ப் பெரியவர் ஒருவர் வந்தார். கையிலே ஒரு கற்கண்டுச் சரை. முகத்திலே மகிழ்ச்சி.

“பண்டிதர், கனடாவிலை மகளுக்குப் பொடியன் பிறந்திருக்கிறான். முப்பத்தொண்டும் கழிஞ்சுது” என்றார்.

“நல்லது. பெயர் வைத்தாயிற்றோ?” என்றேன்.

“ஓம். கீஃபர் எண்டு வைச்சிருக்கினம். மருமகனுக்கு விருப்பமான ஒரு நடிகன்ர பேராம். உதுக்கு என்ன கருத்து? நீங்கள்தான் சொல்லவேணும்.”

நான் சிறிதும் சிந்தித்தேனல்லேன். “கருத்தாவது! இக்காலத்துப் பெயர்களுக்குக் கருத்தும் உண்டோ? வெற்றோசை. வாயில் வந்ததை வைக்கின்றார்கள்” என்றேன். சொல்லிவிட்டு நகைக்கவும் செய்தேன். அவர் நகைக்கவில்லை. கற்கண்டைத் திண்ணையில் வைத்துவிட்டு, “அப்ப வாறன்” என்று எழுந்து போனார்.

அவர் படலையைக் கடந்த பின்னரே என் செயலின் சிறுமை எனக்குப் புலப்பட்டது. பெயர்ச்சொல்லை இடுகுறிப்பெயர் என்றும் காரணப்பெயர் என்றும் வகுத்து, முப்பது ஆண்டாக மாணாக்கருக்குக் கற்பித்து வருபவன் நான். எல்லாச் சொல்லும் பொருளுடையன என்பதும், சொல் அப்பொருளைப் பெற்ற காரணம் நோக்கிய மாத்திரத்தே தோன்றாது என்பதும் தொல்காப்பியர் கொள்கை. அதனைப் பாடமாக ஒப்புவிக்கும் வாயினாலேயே, காரணம் தேடாது ஒரு பெயரை வெற்றோசை என்று தள்ளிவிட்டேன். ஒரு பாட்டனாருடைய மகிழ்ச்சியையும் அதனோடு சேர்த்துத் தள்ளினேன்.

அன்றிரவே தேடத் தொடங்கினேன். தேடிக் கண்டவற்றை ஈண்டு எழுதுகின்றேன். என் தவற்றுக்கு இது கழுவாய். ஆசிரியராயும் மாணாக்கராயும் உள்ள வாசகர்க்கு இதிலே பயனும் உண்டு.

கீஃபர் என்பது ஜேர்மன் மொழிச் சொல். அகராதியை விரித்தால் முதலிற் காண்பது ‘தாடை’ என்னும் பொருள். அடுத்துக் காண்பது ‘பைன் மரம்’ என்னும் பொருள். எழுத்தும் ஒன்று, ஒலியும் ஒன்று. பால் மாத்திரம் வேறு: தாடை அம்மொழியில் ஆண்பாற் சொல், மரம் பெண்பாற் சொல். முன்னே வரும் சுட்டினைக் கொண்டே எது எதுவென்று அறிவர். தாடையைக் குறிக்கும் சொல், மெல்லுதல் அல்லது கொறித்தல் என்னும் பொருளுடைய வேரிற் பிறந்தது. வண்டினைக் குறிக்கும் ‘கேஃபர்’ என்னும் ஜேர்மன் சொல்லும் அவ்வேரினதே. வண்டும் கொறிப்பதன்றோ? மரத்தைக் குறிக்கும் சொல்லோ, பிசின் ஊறிய விறகைக் குறிக்கும் ‘கீன்’ என்பதும், பைனுக்கு மற்றொரு பெயராகிய ‘ஃபோறெ’ என்பதும் கூடி, நாளடைவிற் குறுகியது. தோற்றத்திலே ஒன்று, வேரிலே வேறு. நம் வேங்கை மரமும் வேங்கைப் புலியும் போல இவற்றைக் கொள்க.

இவ்விரண்டையும் கண்டவர், “தாடை பெருத்தவன் ஒருவனுக்கு இட்ட பட்டப்பெயர் போலும்”, “பைன் மரத்தடியிலே குடியிருந்தவன் போலும்” என்று சொல்லி அமைவர். மரத்தினால் அப்பெயர் பெற்ற குடும்பங்கள் சில உண்டென்பதும் மெய்யே. ஆயினும் தென்மேற்கு ஜேர்மனியிலே பெருவழக்காக உள்ள கீஃபர் என்னும் குலப்பெயர், தாடையினின்றும் வந்ததன்று, மரத்தினின்றும் வந்ததன்று. அது ‘கூஃபர்’ என்னும் தொழிற்பெயரின் திரிபு. கூஃபராவான் பீப்பாய் செய்வோன்.

கூஃபர் எவ்வாறு கீஃபர் ஆயிற்று? நம் எழுத்திலே அப்பெயரைக் கூஃபர் என்று எழுதினும், அதன் முதலுயிர் நமது ஊகாரம் அன்று. நாவை ஈகாரத்துக்கு வைத்துக்கொண்டு இதழை ஊகாரத்துக்குக் குவித்தால் எழும் ஒலி அது. அவ்வுயிர் தமிழிலே இல்லை. உகர ஊகாரங்கள் இதழ் குவிவதாற் பிறப்பன என்று நம் இலக்கணம் கூறும். குவிந்த இதழ் நெகிழ்ந்தால், அந்த ஜேர்மன் உயிரில் எஞ்சுவது ஈகாரமே. தென்மேற்கு வட்டார மக்கள் பேச்சிலே இதழ் நெகிழ்ந்தது, கூஃபர் கீஃபராயிற்று. இஃது ஒரு சொல்லுக்கு நேர்ந்த பிழையன்று. அவ்வட்டாரத்துப் பேச்சிலே இவ்வகைச் சொற்கள் யாவற்றிலும் ஒழுங்காக நிகழ்ந்த திரிபு. எழுத்தர்கள் காதிற் கேட்டவாறே ஏட்டில் எழுதினர். ஏட்டில் ஏறியது குலப்பெயராய் நிலைத்தது.

இன்னும் பின்னே செல்வோம். தொட்டியையும் மரச்சாடியையும் குறிக்க இலத்தீனிலே ‘கூப்பா’ என்றொரு சொல் உண்டு. உரோமர் வாயிலிருந்து ஜேர்மானியர் அதனைப் பெற்றனர். தென்பகுதியினர் மொழியில் உயிருக்குப் பின் நின்ற பகர ஒலி ‘ஃப’ என்னும் ஒலியாக மாறியது ஒரு பெருந்திரிபு. ஆங்கிலத்தில் ‘ஷிப்’ எனப்படும் கப்பல் ஜேர்மனிலே ‘ஷிஃப்’ ஆயது இதனால். நம் நாட்டு மிளகும் இத்திரிபுக்குத் தப்பவில்லை. ‘பிப்பலி’ என்னும் வடசொல் கிரேக்கத்திலும் இலத்தீனிலும் புகுந்து, ஆங்கிலத்திலே ‘பெப்பர்’ ஆய் நிற்க, ஜேர்மனிலே ‘ஃபெஃபர்’ ஆயிற்று. கூப்பாவும் அவ்வாறே. தெற்கிலே அது ஃபகரம் பெற்றுக் கூஃபரைத் தந்தது. இத்திரிபு எட்டாத வடபுலத்திலும் ஒல்லாந்திலும் பகரம் பகரமாகவே நின்றது. ஆகவே கீழ் றைன் நதிப் பகுதியிலே கூப்பர், ஒல்லாந்திலே கைப்பர், ஆங்கிலத்திலே கூப்பர். நெப்டியூனுக்கு அப்பால் உள்ள ‘கைப்பர் பட்டை’க்குத் தம் பெயரை ஈந்த வானியலறிஞர் கெறாட் கைப்பரும் (1905–1973), ஜேர்மனியிலே 1945இல் டொனவெஷிங்கன் என்னும் ஊரிற் பிறந்த புகழ்பெற்ற ஓவியர் அன்செல்ம் கீஃபரும், பெயரளவிலே ஒரே பட்டறையினர்.

அப்பட்டறையிலே நிகழ்ந்த தொழிலையும் சிறிது நோக்குதல் வேண்டும். தொழிலை அறியாதார்க்குத் தொழிற்பெயரின் மதிப்பு விளங்காது. கருவாலி மரத்தை அதன் நார் ஓடும் போக்கிலே பிளந்து, பலகைகளை ஆண்டுக்கணக்கில் வெயிலிலும் மழையிலும் காயவிடுவர். பின் ஒவ்வொரு பலகையும் நடுவில் அகன்று இருதலையும் ஒடுங்குமாறு இழைக்கப்படும். பலகைகளை வட்டமாக நிறுத்தி ஒருதலையில் வளையமிட்டு, உள்ளே சிறுதீ மூட்டி, நீர் தெளித்து இளக்கி, மறுதலையையும் வளைத்துச் சேர்ப்பர். பலகைகளின் உட்புறத்து விளிம்பிலே காடி வெட்டி, அதிலே வட்ட மூடியைப் பொருத்துவர். ஆணி இல்லை, பசை இல்லை. ஊற்றிய நீர்மத்தால் மரம் பருத்துத் தன்னைத் தானே இறுக்கிக்கொள்ளும். நடுப் பருத்திருத்தலின், நிறைந்த பீப்பாயையும் ஒருவன் தனியனாய் உருட்டலாம், நின்ற இடத்திலே திருப்பலாம். பலகையின் சரிவு மயிரளவு பிழைத்தாலும் ஒழுகும். ஒழுகும் பீப்பாய் செய்தவனுக்கு ஊரிலே பெயர் நிலையாது.

இது தொன்மை வாய்ந்த தொழில். அல்ப்ஸ் மலையைச் சூழ வாழ்வோர் திராட்சை மதுவை வளையமிட்ட மரக்கலங்களிற் சேமிப்பர் என்று முதலாம் நூற்றாண்டிலே பிளினி எழுதினார். மோசல் ஆற்றங்கரையிலே நொய்மாகன் என்னும் ஊரிற் கிடைத்த உரோமர் காலத்துக் கல்லறைச் சிற்பமொன்று, பீப்பாய்களை ஏற்றிச் செல்லும் படகினைக் காட்டுகின்றது. மூன்றாம் நூற்றாண்டினதாகிய அச்சிற்பம் இன்று திரியர் நகரத்து நூதனசாலையில் உளது. இடைக்காலத்திலே மது, உப்பு, உப்பிட்ட மீன் முதலிய யாவும் பீப்பாயிலேயே ஊர் கடந்தன. ஹைடில்பேர்க் கோட்டையிலே 1751இல் அமைத்த பெரும் பீப்பாய் இரண்டு இலட்சம் லீற்றருக்கு மேற் கொள்ளும். அதற்கு நூற்று முப்பது கருவாலி மரங்கள் சென்றன என்பர்.

நம் நாட்டுக்கும் அத்தொழில் கப்பலேறி வந்தது. ஒல்லாந்தக் கம்பனியின் கைவினைஞருட் பீப்பாய் செய்வோரும் இருந்தனர். அக்கம்பனியின் சேவையிலே ஜேர்மானியர் பலர் இருந்ததும் வரலாறு. ஆங்கில வணிகர் ‘திருகோணமலை மரம்’ என்று வழங்கிய ஹல்மில்ல மரம், சாராயப் பீப்பாய்களுக்குப் பெயர்போனது. ‘பீப்பாய்’ என்னும் சொல்லோ அதற்கு முன்னரே போர்த்துக்கேயரது ‘பீப்பா’விலிருந்து நம்மிடம் வந்துவிட்டது. மட்கலம் செய்வோனைக் குயவன் என்று ஒரு சொல்லாற் சொல்கின்றோம். பீப்பாய் செய்வோனையோ ‘பீப்பாய் செய்வோன்’ என்றே விரித்துச் சொல்லவேண்டியுள்ளது.

ஜேர்மானியருக்கு அக்குறை இல்லை. அவர்களிடத்தே ஒரு தொழிலுக்கு ஊர்தோறும் ஒரு பெயர். தென்மேற்கிலே கூஃபர். பவேரியாவிலே ஷெஃப்ளர். பிராங்கோனியாவிலே பூட்னர். கிழக்கிலும் நடுப்பகுதியிலும் பொட்சர். றைன் நாட்டிலே ஃபஸ்பிந்தர், அதாவது பீப்பாய் கட்டுவோன். அவுஸ்திரியாப் பக்கத்திலே வெறுமனே பிந்தர், அதாவது கட்டுவோன். இவையெல்லாம் இன்று குலப்பெயர்கள். ஒருவன் எத்தொழிற் குடும்பத்தான் என்பதை மாத்திரமன்று, அக்குடும்பம் எப்புலத்தது என்பதையும் இப்பெயர்கள் காட்டிவிடும். ஜேர்மானியக் குலப்பெயர்களின் பரவலைக் காட்டும் பெரும் படத்தொகுதி ஒன்று 2009 முதற் பல பாகங்களாக வெளிவந்தது. அதனை உழைப்பாளிகளின் வரலாற்று நூல் என்றே கூறலாம்.

தொழிற்பெயர் குலப்பெயரான வரலாறு சுருக்கமானது. பன்னிரண்டாம் நூற்றாண்டு முதலாக மேற்கிலும் தெற்கிலும் நகரங்கள் பெருகின. ஞானஸ்நானப் பெயர்களோ சில. ஒரு தெருவிலே பல ஹன்ஸ், பல ஹைன்றிச். வரி எழுதும் கணக்கன் என் செய்வான்? ‘பீப்பாய்கார ஹன்ஸ்’, ‘மாவரைக்கும் ஹன்ஸ்’ என்று பிரித்தெழுதினான். முதலில் அஃது அடைமொழி. தந்தை செய்த தொழிலை மகன் செய்யாதொழிந்தும் அடைமொழி ஒழியாது அவனைத் தொடர்ந்தபோது, அது குலப்பெயர். இன்று ஜேர்மனியிலே மிகப் பெருவழக்காயுள்ள குலப்பெயர்களை எண்ணுக: முல்லர் மாவரைப்போன், ஷ்மிற் கொல்லன், ஷ்னைடர் தையற்காரன், ஃபிஷர் மீன்பிடிப்போன், வேபர் நெய்வோன். முதலைந்தும் தொழிற்பெயர்களே. 1998 முதல் 2005 வரை அந்நாட்டின் தலைமை அமைச்சராயிருந்தவர் ஷ்றோடர். அப்பெயர் வடக்கிலே துணி வெட்டுவோனையும், வேறு சில இடங்களிலே மதுப்பீப்பாய்களை வண்டியேற்றி இறக்குவோனையும் குறிக்கும்.

இனி, குலப்பெயர் முதற்பெயரான கதை. இதற்கு ஜேர்மனியை விட்டுக் கடல் கடத்தல் வேண்டும். ஆங்கிலம் பேசுவோரிடத்தே, தாய்வழிக் குலப்பெயரை மகனுக்கு முதற்பெயராக இடும் வழக்கம் பதினாறாம் நூற்றாண்டளவிலே செல்வர் குடும்பங்களில் தோன்றியது. அமெரிக்காவிலே அது பொதுவழக்காயிற்று. மேசன் கற்றச்சன், காட்டர் வண்டியோட்டி, ரெய்லர் தையற்காரன், கூப்பர் பீப்பாய்காரன். இவையெல்லாம் இன்று பிள்ளைகளின் பெயர்கள்.

கீஃபருக்கு அவ்வாய்ப்பு ஒரு நன்றியினாலே கிடைத்தது. 1964இல் இத்தாலியிலே ‘உயிருள்ள பிணங்களின் கோட்டை’ என்னும் பொருள்படும் பெயரோடு ஓர் அச்சப்படம் வெளிவந்தது. அதனை இயக்கியவர் வாறன் கீஃபர் என்னும் அமெரிக்கர். அப்போது வறியவராய், வாய்ப்புத் தேடித் திரிந்த கனேடிய இளைஞர் டொனால்ட் சதர்லாந்துக்கு அப்படத்திலே வேடம் கிடைத்தது. இரண்டாண்டு கழித்து, 1966 டிசம்பரிலே இலண்டனில் அவருக்கும் நடிகை ஷேர்லி டக்லசுக்கும் இரட்டைக் குழந்தைகள் பிறந்தனர். மகனுக்குத் தமக்கு முதல் வாய்ப்பளித்தவருடைய குலப்பெயரையே முதற்பெயராக இட்டார். அம்மகனுக்கு இட்ட முதற்பெயர்கள் ஆறு. உலகம் அறிந்தது முதலாவதை. டொனால்ட் பின்னரும் தம் மக்களுக்குத் தாம் மதித்த இயக்குநர்களின் பெயர்களை இட்டு வந்தார். அவர் 2024இல் மறைந்தார்.

கீஃபர் சதர்லாந்து 2001 முதல் ‘இருபத்துநான்கு’ என்னும் தொலைக்காட்சித் தொடரில் நடித்துப் பெரும்புகழ் பெற்றார். அத்தொடரிலே அவர் ஏற்ற பாத்திரத்தின் பெயர் ஜக் பவுவர். பவுவர் என்பது ஜேர்மனிலே உழவன். பீப்பாய்காரன் பெயருடையவர் உழவன் பெயருடையவராய் நடித்ததை உலகம் கண்டது. பெயர்களின் பொருளைப் பார்த்தவர் எத்துணையர்? பார்த்தவர் யாவரோ அல்லரோ, அதன்பின் அப்பெயர் தன் பொருளை விட்டுத் தனியே நடந்தது. பிலிப்பைன்சிலே 1993இற் பிறந்த கூடைப்பந்தாட்ட வீரர் ஒருவரும் கீஃபர். இப்பொழுது ரொறன்ரோவுக்கு அயலிலே ஓர் ஈழத்துப் பிள்ளையும் கீஃபர்.

பிறந்தகத்திலே இப்பெயர்க்கு முதற்பெயராகும் உரிமை எளிதிற் கிடைப்பதன்று. ஜேர்மனியிலே பிள்ளைக்குப் பெயரிடுதல் பெற்றோர் உரிமையே ஆயினும், பதிவாளர் பிள்ளையின் நலனை நோக்குவார். குலப்பெயரை முதற்பெயராக இடலாகாது என்பது நெடுங்காலமாகப் பெருவழக்கு. 2005இலே ‘அண்டர்சன்’ என்னும் பெயர்பற்றி எழுந்த வழக்கு, அந்நாட்டின் அரசியலமைப்பு நீதிமன்றம் வரை சென்றது. குலப்பெயராக வழங்குகின்றது என்னும் ஒரு காரணம் பற்றியே ஒரு பெயரை மறுத்தல் ஆகாது என்று மன்றம் தீர்த்தது. 2008இல் அதே மன்றம், ‘கிரண்’ என்னும் இந்தியப் பெயரை ஒரு பெண்குழந்தைக்கு மறுத்ததும் தவறு என்றது. பெயர் பிள்ளையின் நலத்துக்குக் கேடாகுமோ என்பதே அம்மன்றம் கேட்ட வினா. ‘எமக்குப் பழக்கமானதோ’ என்பது அன்று. நான் என் திண்ணையிலே கேட்டிருக்கவேண்டிய வினாவும் அதுவே.

ஆக, கீஃபர் என்னும் பெயர் கடந்த வழி இது. முதலிற் காரணப்பெயர்: செய்தவனைச் செய்தொழிலாற் குறித்தது. பின் குலப்பெயர்: செய்யாதவனையும் குறித்தது. பின் முதற்பெயர்: பீப்பாயைக் காணாத பிள்ளையையும் குறிக்கின்றது. காரணப்பெயர் நடந்து நடந்து இடுகுறிபோல் ஆகிவிட்டது. ஆயினும் காரணம் அழியவில்லை. தேடுவார்க்கு அது கிடைக்கும்.

இவற்றையெல்லாம் ஒரு தாளிலே குறித்துக்கொண்டு, மறுவாரம் அப்பெரியவர் வீட்டுக்குச் சென்றேன். முதலில் என் சொல்லுக்கு மன்னிப்புக் கேட்டேன். பின் கருத்தைச் சொன்னேன். அவர் கூர்ந்து கேட்டார். நான் எதிர்பார்த்த மகிழ்ச்சி அவர் முகத்திலே தோன்றவில்லை.

“அப்ப, உது ஒரு தொழில்காரன்ர பேரோ?” என்றார். குரல் தாழ்ந்திருந்தது.

உள்ளேயிருந்து அவர் மனைவியார், “உதை வெளியிலை ஒருத்தருக்கும் சொல்லிப் போடாதேங்கோ” என்றார்.

முதல்நாள் என் அறியாமையால் வாடிய முகம், இந்நாள் என் அறிவினால் வாடியது. பொருளில்லாப் பெயர் என்றேன், வருந்தினார். பொருளுள்ள பெயர் என்றேன், அஞ்சினார். அவ்வச்சத்தை அவரிடத்தே வைத்தவர் யார்? அவரைக் குற்றஞ் சொல்லப் புகுந்தபோது எனக்கு ஒரு பழைய காட்சி நினைவுக்கு வந்தது.

நான் சிறுவனாய்ப் படித்த பள்ளியிலே ஆசிரியர் ஒருவர் இடாப்பு வாசிப்பார். ஒரு பையனுடைய பெயரை வாசிக்கும்போது மட்டும், அவன் தகப்பன் செய்த தொழிலை முன்னே கூட்டி வாசிப்பார். வகுப்பு முழுவதும் சிரிக்கும். நானும் சிரித்தேன். அவன் எழுந்து நின்று ‘வந்தேன்’ என்பான், கண்ணை நிலத்திலிருந்து எடுக்கமாட்டான். அடுத்த ஆண்டு அவன் பள்ளிக்கு வரவில்லை. ஏன் என்று நாங்கள் எவரும் கேட்கவில்லை. கணக்கிலே என்னினும் வல்லவன் அவன். அவன் பெயர் இன்றும் எனக்கு நினைவுண்டு. ஈண்டு எழுதேன்.

நம் முன்னோர் இவ்வாறோ இருந்தனர்? சங்கப் புலவர் பெயர்களை நோக்குக. மதுரைக் கூலவாணிகன் சீத்தலைச் சாத்தனார், மதுரை அறுவை வாணிகன் இளவேட்டனார், தங்காற் பொற்கொல்லன் வெண்ணாகனார், மருத்துவன் தாமோதரனார். தானியம் விற்றவர், துணி விற்றவர், பொன்வேலை செய்தவர், மருந்து கொடுத்தவர். தொகை நூல்களைத் தொகுத்தோர் இவர்தம் தொழிலை மறைத்தாரல்லர். பெயருக்கு முன்னே வைத்துப் போற்றினர். அன்று தொழில் பெயருக்கு அணியாய் நின்றது. இடையிலே நாம் அதனை எறிகல்லாக்கினோம்.

ஜேர்மானியர் பிறவியிலேயே இதில் உயர்ந்தோர் என்று நான் கூறுகின்றேனல்லேன். அங்கும் இழிந்த தொழில் என்று சில ஒதுக்கப்பட்டன. தூக்கிடுவோன், இறந்த விலங்கின் தோலுரிப்போன் ஆகியோர் மாத்திரமல்லர், பல ஊர்களிலே சணல்துணி நெய்வோனும் மாவரைப்போனுங்கூட அவ்விழிவுக்கு ஆளாயினர். அவர் மக்களைக் கைவினைச் சங்கங்கள் சேர்க்க மறுத்தன. 1731இலே பேரரசுச் சட்டம் ஒன்று பிறந்து, அத்தொழிலோரிற் பெரும்பாலாருடைய மக்களைத் தள்ளுதல் தகாது என்று விதித்தது. ஒரு சட்டத்தினாலே ஒருநாளில் மனம் மாறிவிடாது. ஆயினும் மாறியது. அன்று ஒதுக்கப்பட்ட மாவரைப்போன் பெயரும் நெய்வோன் பெயருமே இன்று அந்நாட்டிலே மிகுதியாக வழங்கும் குலப்பெயர்களுட் சேர்ந்தன. அவற்றைச் சொல்ல எவரும் குரலைத் தாழ்த்துவதில்லை. பீப்பாய்த் தொழிலோ மதிப்புடைத்தாகவே இருந்து வந்தது. மியூனிக் நகரிலே ஏழாண்டுக்கு ஒருமுறை பீப்பாய் செய்வோர் நடனம் தெருவில் நிகழும். அந்நகர மண்டபத்து மணிக்கூண்டிலே அந்நடனத்தை ஆடும் பாவைகளும் உள. 2020இலே, தேர்ச்சிப் பட்டம் பெற்றே தனித் தொழில் நடத்தலாம் என்னும் விதிக்குள் ஜேர்மன் அரசு மீண்டும் சேர்த்த பன்னிரண்டு கைத்தொழில்களுட் பீப்பாய்த் தொழிலும் ஒன்று. தொழில் அருகியும் அதன் தரம் பேணப்படுகின்றது.

இவற்றிற் சிலவற்றை அப்பெரியவருக்கு எடுத்துச் சொன்னேன். அவர் நெடுநேரம் பேசவில்லை. பின், தம் கையிலிருந்த செம்பைத் திருப்பித் திருப்பிப் பார்த்துவிட்டு, “ஆணியும் இல்லாமல், பசையும் இல்லாமல், மரத்திலை தண்ணி ஒழுகாமல் செய்யிறது லேசுப்பட்ட வேலையில்லை, பண்டிதர்” என்றார். சிறிது பொறுத்து, “உதை எழுதித் தாருங்கோ. பொடியன் வளர்ந்தாப்போலை படிக்கட்டும்” என்றார். அவர் மனைவியார் தேநீர் கொண்டுவந்து வைத்தார். ஒன்றும் சொல்லவில்லை.

எழுதிக் கொடுத்தேன். அத்தாளிலே நடிகரின் புகழை ஒரு வரியிலும், பீப்பாய் செய்யும் முறையைப் பத்து வரியிலும் எழுதினேன்.

ஆசிரிய நண்பர்களுக்கு ஒரு சொல். காலந்தோறும் நம் இடாப்பிலே புதிய பெயர்கள் ஏறும். சிலவற்றை வாசிக்க நா இடறும். சிலவற்றின் பொருள் நமக்கு விளங்காது. விளங்காத பெயரை வெற்றோசை என்று தள்ளுதலும், விளங்கிய பெயரைக் கொண்டு ஒரு பிள்ளையைத் தாழ்த்துதலும் ஒரே குற்றத்தின் இரு வடிவங்கள். முதலாவதை நான் சென்ற மாதம் செய்தேன். இரண்டாவது நிகழ்ந்தபோது சிறுவனாய் இருந்து சிரித்தேன். ஒரு பெயரை அறியாவிடின் அப்பிள்ளையையே கேட்போம், அவனும் அறியானாயின் அவனோடு சேர்ந்து தேடுவோம். தேடிய இடத்தில் உழைத்த கை ஒன்று தென்படுமாயின், அதனை வகுப்பறிய உரக்கவே சொல்லுவோம்.